ஈர்க்கில் நுழையும் வழிகள்

மண்டையோட்டை எல்லோரும் முகம் தெரியும்படிதான் வைக்கிறார்கள். அதன் வேலைப்பாட்டை ரசிக்க வேண்டுமென்றால் கீழ்த்தாடையைக் கழற்றிவிட்டுக் கவிழ்க்க வேண்டும். ஆசாரிபள்ளத்தில் 2001-இல் அரசு மருத்துவக் கல்லூரி தொடங்கியதிலிருந்து, ஒவ்வோர் ஆண்டும் முதலாண்டுப் பிள்ளைகள் வைவாவுக்குப் பயந்து உருப்போடுவது இந்த அடிப்பாகத்தைத்தான். பரீட்சை முடிந்தபின் ஒருநாள், மதிப்பெண் கவலை இல்லாமல் அவர்கள் அதைக் கையிலெடுத்துப் பார்க்க வேண்டும்.

நடுவிலுள்ள பெருந்துளையை விட்டுவிடலாம். கிட்டத்தட்ட 35 மில்லிமீட்டர் நீளம்; மூளைத்தண்டு தண்டுவடமாக இறங்கும் இடம்; அதன் பெருமையை யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. எனக்குப் பிரியம் அதைச் சுற்றிச் சிதறிக் கிடக்கும் சின்னத் துளைகள்மேல்தான். தென்னை ஈர்க்கில் ஒன்றை மெல்லிசாகச் சீவி விட்டுப் பாருங்கள். ஏழு மில்லிமீட்டர் நீளமும் அதில் பாதி அகலமும் உள்ள ஃபோரமென் ஓவேல் என்ற நீள்வட்டத் துளையில் அது தடங்கலின்றி நுழைந்து, மறுபக்கம் மூளை இருந்த அறையில் தலைநீட்டும். கொஞ்சம் பின்னால், கரோட்டிட் தமனி ஏறும் கால்வாயில் விட்டால் உள்ளே முட்டி நின்றுவிடும். அந்தப் பாதை நேரே மேலேறி, சட்டென்று மடங்கி, முன்னும் உள்ளுமாக ஓடுகிறது. ஈர்க்கில் போகாது, நூல்தான் போகும். கிழிசல்போலப் பெரிதாகத் தெரியும் ஃபோரமென் லேசரம் காய்ந்த எலும்பில் மட்டுமே திறப்பு. உயிருள்ளவரை அதன் அடியைக் குருத்தெலும்பு அடைத்திருக்கும்.

இவற்றில் எதையும் எலும்பைத் துளைத்து உண்டாக்கவில்லை. கருவில் நரம்பும் ரத்தக்குழாயும்தான் முதலில் தங்கள் தடத்தில் வந்துவிடுகின்றன. எலும்பு பிறகு வருகிறது. வந்து, அவற்றை நெரிக்காமல், வேண்டிய இடம் விட்டுச் சுற்றி வளர்கிறது. ஓவேலின் விளிம்பு சில சிசுக்களுக்கு ஏழாம் மாதத்திலேயே முழு வளையமாகிவிடும். சிலருக்குப் பிறந்து மூன்று வயதுகூட ஆகும். அதன் பின்னாலிருக்கும் ஸ்பைனோசம் என்ற துளை இன்னும் மெதுவாக மூடும், சிலரிடம் கடைசிவரை ஒருபக்கம் திறந்தே இருக்கும். அதனால் ஒரே மண்டையோட்டின் இடமும் வலமும்கூட ஒத்துப்போவதில்லை. ஜுகுலர் துளை பெரும்பாலும் வலப்பக்கம் பெரிது. உச்சியிலிருந்து பின்னோக்கி வரும் சிரை ரத்தம் பெரும்பாலோருக்கு வலப்பக்கம் திரும்பி இதன்வழியாகத்தான் கழுத்துக்கு இறங்குகிறது. துளையின் அளவைப் பார்த்தே அந்த மனிதருக்குள் ஓடிய ஓட்டத்தின் அளவைச் சொல்லலாம். ஒரு கைவேலையில் இதற்குமேல் என்ன நேர்மை வேண்டும்?

ஜுகுலர் துளையின் வெளிச்சுவரில் லென்ஸ் வைத்துத் தேடினால் மயிரிழை அகலத்தில் ஒரு பொட்டு தெரியும். அர்னால்டு நரம்பின் வாசல் அது. தொண்டை, குரல்வளை, நெஞ்சு, வயிறு என்று போகும் வேகஸ் நரம்பு, இந்த ஒற்றைக் கிளையை மட்டும் காதுக்கு அனுப்புகிறது. எங்கள் ஊர்த் திண்ணைகளில் பெரியவர்கள் கோழி இறகை விட்டுக் கண்ணைச் சொருகிக்கொண்டு காது குடைவார்கள். சிலருக்கு அப்போது இருமல் வரும். தொண்டையில் ஒன்றுமில்லை, இறகு காதில்தான் இருக்கிறது. அந்த இருமலுக்கான சேதி போகும் வழி இந்தப் பொட்டு. காய்ந்த எலும்பில் அதைக் கண்டுபிடிக்கும்போது வரும் சந்தோஷம் எனக்கு இன்னும் குறையவில்லை.

காதுக்குப் பின்னால் கை வைத்தால் தட்டுப்படும் எலும்பு மேட்டுக்கும், ஊசிபோல நீண்ட ஸ்டைலாய்டு முனைக்கும் இடையே இருப்பது ஸ்டைலோமாஸ்டாய்டு துளை. முகத்தசைகளை ஆட்டும் நரம்பு அதன்வழியாக வெளிப்படுகிறது. பிறந்த குழந்தைக்கு அந்த மேடு எழும்பியிருக்காது; நரம்பு தோலுக்கு அடியிலேயே கிடக்கும். ஆயுதம் போட்டு எடுத்த குழந்தை சிலநேரம் வாய் கோணி அழுவது அதனால்தான். இந்த மண்ணின் வர்ம ஆசான்கள் 108 வர்மங்களில் 12-ஐப் படுவர்மம், 96-ஐத் தொடுவர்மம் என்று பிரித்தார்கள். காதுக்குப் பின்னே செவிக்குற்றிக் காலம், பிடரியில் பிடரிக் காலம் என்று பெயரிட்டு, அங்கே அடி விழக்கூடாது என்று சிஷ்யனுக்குச் சொன்னார்கள். அவர்கள் கணக்கு வேறு, உடற்கூறியலின் கணக்கு வேறு. ஒன்றை மற்றொன்றாக மொழிபெயர்ப்பதில் எனக்கு உடன்பாடில்லை. ஆனால் தலையில் எந்த இடத்துக்கு மரியாதை தர வேண்டும் என்பதில் அந்த விரல்களுக்குப் பிசகு இல்லை.

நெய்யூருக்கு வந்தால் இதே ஓவேலுக்கு வேறொரு முகம். 1838-இல் ஆர்ச்சிபால்ட் ராம்சே வந்து மருத்துவம் தொடங்கிய ஊர் அது. 1922-லும் 1924-லும் எவரெஸ்ட் பயணங்களில் ஏறிய ஹோவர்ட் சோமர்வெல் அங்கே அறுவை மருத்துவராகப் பணிபுரிந்தார். அங்கிருந்த இயன் ஆர் என்ற மருத்துவர், திருவிதாங்கூரில் வெற்றிலையோடு புகையிலையை அடக்கிக்கொள்ளும் பழக்கத்தையும் வாய்ப்புற்றையும் சேர்த்துப் பார்த்து 1933-இல் லான்செட் இதழில் எழுதினார். நாக்கோரத்தில் புண் இருப்பவர் காது வலிக்கிறது என்று கையை அங்கே வைப்பார். நாக்குக்குப் போகும் நரம்பும் காதுக்கு முன்னால் ஏறும் நரம்பும் ஒரே தாடை நரம்பின் கிளைகள். இரண்டும் மூளைக்குச் சேதி கொண்டுபோவது ஓவேல் வழியாகத்தான். புற்றும் சிலநேரம் நரம்பைப் பற்றிக்கொண்டு அதே வழியில் மண்டைக்குள் ஏறிவிடுகிறது.

அதே வழியில் மருந்தும் போகிறது. மின்னல் வெட்டுவதுபோல முகத்தில் வலி தாக்கும் ட்ரைஜெமினல் நியூரால்ஜியாவுக்கு, ஃபிரிட்ஸ் ஹார்ட்டல் என்ற ஜெர்மானியர் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வகுத்த பாதை இன்றும் பயன்படுகிறது. வாயோரத்திலிருந்து மூன்று சென்டிமீட்டர் அளவுக்குத் தள்ளிக் கன்னத்தில் ஊசி இறங்கும். எக்ஸ்ரே திரையில் ஓவேலின் நீள்வட்டம் தெளிவாக விழும்படி தலையைச் சாய்த்து வைத்திருப்பார்கள். உள்ளே நுழையும் கணத்தில் தாடைத் தசை ஒரு வெட்டு வெட்டும். மெல்லும் தசைகளுக்கான நரம்பும் அந்த வாசலில்தான் இருக்கிறது. அந்தத் துடிப்பை விரலில் உணர்ந்தபிறகே மருத்துவர் ஊசியை மேலே நகர்த்துவார்.