பாவையும் பெரியம்மாவும்: மனநோயைப் பெண் தானே சொல்லும்போது

வெறியாட்டுப் பாடல்களை வகுப்பில் நடத்தும்போது நான் எப்போதும் ஒரே வரிசையில்தான் விளக்குவேன். மகள் மெலிகிறாள், வளை கழல்கிறது, உணவு செல்லவில்லை. தாய் கலங்குகிறாள். கட்டுவிச்சி நெல்லை வைத்தோ வேலன் கழங்கை வைத்தோ குறி பார்க்கிறார்கள். முருகன் அணங்கியிருக்கிறான் என்று முடிவாகிறது. களம் அமைத்து, மறி அறுத்து, வேலன் ஆடுகிறான். சில ஆண்டுகளுக்கு முன்பு, கொல்லிமலையிலிருந்து இறங்கி வந்து விடுதியில் தங்கிப் படித்த மாணவி ஒருத்தி, பாடம் முடிந்து எல்லோரும் போன பிறகு என்னிடம் வந்து கேட்டாள்: “மேடம், அந்தப் பொண்ணுகிட்ட என்னாச்சுன்னு யாராவது கேட்டாங்களா?”

முனைவர் பட்டத்துக்காக அகப்பாடல்களோடு பல வருடம் கிடந்தவள் நான். எனக்கு இந்தக் கேள்வி தோன்றியதில்லை. தோன்றியிருக்க வேண்டும். நானும் அதே மலையில், குண்டூர் நாட்டில் பிறந்தவள்தான். என் பெரியம்மாவுக்குக் குறி பார்த்த இரவில் திண்ணையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தவள்.

பாட்டில் வரும் தலைவிக்கு இருப்பது காதல். பெரியம்மாவுக்கு இருந்தது நோய். இரண்டையும் ஒன்றாக்கிவிடக் கூடாது. ஆனால் இரண்டு இடத்திலும் நடைமுறை ஒன்றுதான். அவள் உடம்பு ஒரு சுவடியாகிறது. தாய், வேலன், ஊர் என்று எல்லோரும் அதற்கு உரை எழுதுகிறார்கள். அவள் வாய்ச்சொல்லை மட்டும் யாரும் ஆதாரமாக எடுத்துக்கொள்வதில்லை. இந்த நடைமுறையைப் பார்த்துச் சிரிக்கும் ஒரு குரலும் நம் மரபில் இருக்கிறது. வெறிபாடிய காமக்கண்ணியாரின் அகநானூற்றுப் பாடலில் (22) தலைவியே பேசுகிறாள். வேலனை அழைத்து வீட்டார் ஆடவைத்த அதே இரவில் காதலன் யாருக்கும் தெரியாமல் வந்துபோகிறான். அவள் நோய் தணிகிறது. சம்பந்தமே இல்லாத வேலனுக்கு அந்தப் பெருமை போவதைக் கண்டு அவள் தனக்குள் சிரிக்கிறாள். தன் நோய்க்குக் காரணம் எது, மருந்து எது என்பது தனக்குத் தெரியும் என்று ஒரு பெண் சொல்லும் பழந்தமிழ்ச் சாட்சியம் அது.

பெரியம்மாவுக்கு அப்படிச் சிரிக்க வாய்க்கவில்லை. இரண்டாவது பிள்ளை பிறந்த சில மாதங்களில் அவர் பேசுவதை நிறுத்தினார். பிறகு இரவுகளில் எழுந்து காப்பித் தோட்டத்துக்குள் நடக்கத் தொடங்கினார். யாரோ கூப்பிடுவதாகச் சொன்னார். கயிறு மந்திரித்துக் கட்டினார்கள். கோழி அறுத்தார்கள். கடைசியில் எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் தாண்டி, சமவெளியில் ஓர் இடத்தில் கொண்டுபோய் விட்டார்கள். அவர் திரும்பி வந்தபோது கணுக்காலில், கொலுசு போடும் இடத்தில், ஒரு தழும்பு இருந்தது. அதைப் பற்றி வீட்டில் ஒருவரும் அவரிடம் கேட்கவில்லை. கேட்டால் நோய் திரும்பிவிடும் என்று பயந்தார்கள். மருத்துவரும் மாத்திரையும் அதற்குப் பிறகுதான் வந்தன.

எங்கள் மலைக்கு இலக்கியத்தில் ஒரு பெண் அடையாளம் உண்டு, கொல்லிப்பாவை. காற்று மோதினாலும், மழை கொட்டினாலும், இடி விழுந்தாலும், நிலமே அதிர்ந்தாலும் வடிவு குலையாத பாவை என்று நற்றிணையில் (201) தலைவன் அதைச் சொல்லி, தன் காதலியை அதற்கு ஒப்பிடுகிறான். எங்கள் வீடுகளில் யாரும் நற்றிணை படித்ததில்லை. ஆனாலும் தலையில் இடி விழுந்தாலும் பெண் குலையக் கூடாது என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது. குலைந்துபோனவளுக்கு இந்த உவமையில் இடமில்லை. மொழியிலும் இடமில்லை. ‘பித்தன்’ என்பது சிவனுக்கே பெயர். சுந்தரர் உரிமையோடு அப்படித்தான் அழைத்தார். ‘பைத்தியக்காரி’ என்ற சொல்லோடு வருவது கல்லெறிதான். நவீனக் கவிதையில் ஆத்மாநாம் (1951–1984) மனநோயோடு வாழ்ந்தவர். அவர் கவிதைகளைப் பேசும்போது அந்த நோயையும் மரியாதையோடு பேசுகிறோம், பேசவும் வேண்டும். அந்த மரியாதை நம் வீட்டுப் பின்கட்டில் படுத்திருந்த பெண்களுக்கு ஏன் கிடைக்கவில்லை என்பதுதான் என் கேள்வி.

இன்று நிலைமை மாறியிருக்கிறது. மனநோயிலிருந்து மீண்ட பெண்களின் கதைகள் இதழ்களிலும் மேடைகளிலும் வருகின்றன. அவற்றை நான் அலட்சியமாகப் பேச மாட்டேன். எனக்கே அவை ஒரு காலத்தில் கைப்பிடியாக இருந்தன. ஆனால் வாசிக்க வாசிக்க அவற்றின் அச்சு தெரியத் தொடங்கியது. விழுந்தாள், சிகிச்சை எடுத்தாள், எழுந்தாள். கடைசிப் பத்தியில் மறுபடி சமைக்கிறாள், பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்புகிறாள், கணவர் பக்கத்தில் நின்று புன்னகைக்கிறார். பெண் குணமானதை அளக்கும் கோல் அடுப்படியில் இருக்கிறது. அமெரிக்க எழுத்தாளர் சார்லட் பெர்கின்ஸ் கில்மன் 1892இல் வெளியான ‘தி யெல்லோ வால்பேப்பர்’ கதையை எழுதியது இந்தக் கோலை எதிர்த்துத்தான். பிள்ளை பெற்றபின் சோர்வில் விழுந்த அவருக்கு மருத்துவர் சொன்ன மருந்து, வீட்டு வாழ்க்கையில் ஒடுங்கு, இனி ஆயுளுக்கும் பேனாவைத் தொடாதே என்பது. அந்தச் சிகிச்சையே தன்னைப் பைத்தியத்தின் விளிம்புக்குக் கொண்டுபோனதாகப் பின்னாளில் எழுதினார். கதையில் வரும் பெண்ணும் கணவனுக்குத் தெரியாமல் ஒளித்துவைத்துத்தான் எழுதுகிறாள்.

அந்த அச்சை உடைத்த இந்தியப் புத்தகம் என்று நான் கருதுவது ரேஷ்மா வள்ளியப்பனின் ‘ஃபாலன், ஸ்டாண்டிங்: மை லைஃப் அஸ் எ ஸ்கிசோஃப்ரெனிஸ்ட்’ (2015). விமன் அன்லிமிடெட் என்ற பெண்ணியப் பதிப்பகம் வெளியிட்டது. தலைப்பையே ஒரு கவிதை வரிபோல வாசிக்கலாம். ‘விழுந்து, பிறகு எழுந்து’ என்று அது சொல்லவில்லை. வீழ்ந்திருப்பதும் நின்றிருப்பதும் நடுவில் ஒரு காற்புள்ளியோடு அருகருகே இருக்கின்றன. அடுத்த சொல் அதைவிடக் கூர்மையானது. ஆர்ட்டிஸ்ட் என்பதுபோல ‘ஸ்கிசோஃப்ரெனிஸ்ட்’ என்று தனக்கு ஒரு பெயரை அவர் உண்டாக்கிக்கொள்கிறார். மருத்துவக் கோப்பு கொடுத்த பெயரை, தான் செய்கிற ஒரு வேலையின் பெயராக மாற்றுகிறார். அபர்ணா சன்யால் இயக்கிய ‘எ டிராப் ஆஃப் சன்ஷைன்’ (2011) ஆவணப்படத்திலும் பேசுகிறவர் அவரே.

ரேஷ்மா ஒரு கட்டத்தில் மருந்தை விட்டவர். நான் மருந்தால் எழுந்தவள். முப்பத்தெட்டு வயதில் எனக்கு மனச்சோர்வு வந்தது. மாத்திரை அட்டையை மிளகு டப்பாவுக்குள் வைத்திருந்தேன். இருவர் அனுபவமும் மெய். ஒன்றை மற்றவளுக்கு மருந்துச் சீட்டாக எழுதித்தர முடியாது. தன்வரலாற்றை நாம் வாசிக்க வேண்டியது ஒரு பெண் தன் நோயோடு என்ன பேரம் பேசினாள் என்று அறியத்தான். மாத்திரையை விடலாமா என்று தெரிந்துகொள்ள அதைத் திறந்தால், வேலனிடம் கேட்ட குறியைப் புத்தகத்திடம் கேட்கிறோம் என்று அர்த்தம்.

எழுதச் சொல்வதிலும் ஆபத்து இருக்கிறது. பெண்ணே, உன் கதையைச் சொல் என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அப்போது வேலை பார்த்த இடத்தில் ஒரே ஒருவரிடம் நான் சொன்னேன். அடுத்த பருவத்தில் முதுகலை வகுப்பு என்னிடமிருந்து போனது. “உங்க நல்லதுக்குத்தான்” என்றார்கள். திருமணமான பெண்ணுக்கு இழப்பு இன்னும் பெரிது. 1955ஆம் ஆண்டு இந்துத் திருமணச் சட்டத்தின் 13ஆம் பிரிவு மனநோயை மணவிலக்குக்கான காரணங்களில் ஒன்றாக வைத்திருக்கிறது. அவள் நம்பி எழுதிய பக்கம் நாளை குடும்ப நீதிமன்றத்தில் அவளுக்கு எதிரான சான்றாகலாம். பெயரில்லாமல் சொல்லும் கதையைக் கோழைத்தனம் என்று நாம் எண்ணக் கூடாது. இந்தக் கட்டுரையில் பெரியம்மாவுக்குப் பெயர் இல்லாததும் அதனால்தான்.

இன்னொன்று, மீண்டவர்கள்தான் கதை சொல்கிறார்கள். 2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடியில் ஒரு மனநலக் காப்பகம் தீப்பிடித்தபோது, சங்கிலியில் கட்டிவைக்கப்பட்டிருந்தவர்களால் ஓட முடியவில்லை. 28 பேர் இறந்தார்கள். அவர்கள் ஒவ்வொருவருக்கும் ஒரு தன்வரலாறு இருந்திருக்கும். பெரியம்மாவின் கணுக்காலைப் பார்க்கும்போதெல்லாம், எந்தத் தேதியில் எந்த இடத்தில் இருந்தோம் என்பதுதான் சிலருக்குக் கதையும் சிலருக்குச் சாம்பலும் ஆகியிருக்கிறது என்று தோன்றும்.

2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டம் சங்கிலியிடுவதைத் தடைசெய்தது. அந்தச் சட்டத்தில் ஓர் இலக்கிய ஆசிரியையாக என்னை நிறுத்திய இடம் ஐந்தாம் பிரிவு. நோய் முற்றும் காலத்தில் தனக்கு எந்தச் சிகிச்சை வேண்டும், எது வேண்டாம் என்று ஒருவர் முன்கூட்டியே எழுதிவைக்கலாம். தன் சார்பில் பேச யாரை விரும்புகிறாரோ அவரைப் பெயர் சொல்லி நியமிக்கவும் சட்டம் இடம் தருகிறது. அது கணவனாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை, தோழியாகவும் இருக்கலாம். அகமரபில் தலைவிக்காகப் பேசிய தோழிக்கு ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டு கழித்துச் சட்டத்தில் ஓர் இடம் கிடைத்திருக்கிறது. நடைமுறையில் எத்தனை பெண்களுக்கு இது தெரியும் என்பது வேறு. தெரியச் செய்வது நம் வேலை.

நம்பிக்கை என்பது எங்கே இருக்கிறது? சென்னையில் வந்தனா கோபிகுமாரும் வைஷ்ணவி ஜெயக்குமாரும் 1993இல் தொடங்கிய தி பான்யன் அமைப்பின் ‘ஹோம் அகெய்ன்’ திட்டத்தில், நீண்டகாலம் காப்பகங்களில் இருந்த பெண்கள் சிலராகச் சேர்ந்து ஊருக்குள் சாதாரண வாடகை வீட்டில் குடியிருக்கிறார்கள். வேண்டியபோது கடைக்குப் போகிறார்கள், பிடித்ததைச் சமைக்கிறார்கள். இங்கேயும் அடுப்படி வருகிறது. ஆனால் என்ன சமைப்பது என்பது அவர்கள் முடிவு.

என் மாத்திரைக் காலத்தில் ஒரு விடுமுறைக்குக் குண்டூர் நாட்டுக்குப் போயிருந்தேன். பெரியம்மாவிடம்தான் முதலில் சொன்னேன். அவர் அட்டையை வாங்கிப் பார்த்துவிட்டு, “உனக்கும் வாய் வறளுதா?” என்றார். இருவரும் வெகுநேரம் அதையே பேசிக்கொண்டிருந்தோம்: தூக்கம், உடம்பு ஊதுவது, கை நடுக்கம். பிறகு அந்த மாணவியின் கேள்வியை நான் கேட்டேன். என்ன ஆச்சு பெரியம்மா, எப்போ சரியாச்சு?

“சாமை அறுப்புக்கு உங்க பெரியப்பன் கதிரருவாள என் கையில குடுத்தாரு. அதுக்கு முன்னாடி ஆறு வருசம், வெங்காயம் அரியற கத்தியக்கூட என் கண்ணுல காட்டல.”

அருவாளைக் கொடுத்தது அன்பினாலா, அறுப்புக்கு ஆள் போதாததாலா என்று எனக்குள் இருந்த பெண்ணியவாதி கேட்க நினைத்தாள். கேட்கவில்லை. அதற்குள் அவரே தொடர்ந்தார்: “அன்னிக்கும் அந்தக் கொரலு கேட்டுச்சு. கேட்டுக்கிட்டேதான் அறுத்தேன்.”