வாங்கியதா, இரவலா?

செம்பவாங் மாணவர்கள் கணினி விளையாட்டுகளை இணையத்தில் 'வாங்கினோம்' என்கின்றனர். இச்சொல் பொருந்துமா?

வாங்கியவர் தம் கணினியினின்று விளையாட்டை நீக்கினால் உரிமை போவதில்லை. 'ஸ்டீம்' போன்ற கடைகளில் அவர் கணக்கில் அது நிற்கும், மீண்டும் இறக்கிக்கொள்ளலாம். ஆயின், விற்றவரே நிறுத்திவிட்டால்? யூபிசாப்ட் நிறுவனம் 2024 மார்ச்சு இறுதியில் 'தி குரூ' விளையாட்டின் வழங்கிகளை மூடியது. பணம் கொடுத்தோர்க்கும் ஆட்டம் இல்லையாயிற்று. விற்கப்பெற்றது பொருளன்று, பயன்படுத்தும் இசைவே.

தமிழில் 'விலைக்கு வாங்குதல்' வேறு, 'இரவல் வாங்குதல்' வேறு. அடைமொழியை மறைத்து வினையை மட்டும் காட்டுவது சொற்குற்றம். கலிபோர்னியா மாநிலம் 2025 முதல் இவ்வுண்மையை வெளிப்படையாக உரைக்கச் சட்டம் செய்துள்ளது. 'இசைவு பெறுக' என்றெழுதுவதே நேர்மை. தமிழாசிரியர்கள் இவ்வேறுபாட்டை வகுப்பில் விளக்குவார்களாக.