தடை நிற்கட்டும், வாதம் மாறட்டும்

மின் சிகரெட்டைத் தடை செய்யும் அவசரச் சட்டத்தை நிதியமைச்சர் நிர்மலா சீதாராமன் 2019 செப்டம்பர் 18 அன்று அறிவித்தார். தமிழ்நாடு அதற்கு முந்தைய ஆண்டே தடை விதித்திருந்தது. டிசம்பரில் அவசரச் சட்டம் நாடாளுமன்றச் சட்டமாயிற்று. தயாரிப்பது, இறக்குமதி செய்வது, விற்பது, விளம்பரப்படுத்துவது, இருப்பு வைப்பது எல்லாமே குற்றம். விற்றவர் முதன்முறை பிடிபட்டால் ஓராண்டு வரை சிறையோ, ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ கிடைக்கும். மறுபடியும் பிடிபட்டால் மூன்றாண்டுச் சிறை, ஐந்து லட்சம் அபராதம் வரை போகும். இவ்வளவு கடுமையான சட்டம் வந்து நான்காண்டு ஆகியும், 2023-இல் ஒன்றிய நலவாழ்வு அமைச்சகம் பதினைந்து இணையதளங்களுக்கு விற்பனையை நிறுத்தச் சொல்லிக் கடிதம் எழுத வேண்டியிருந்தது.

சட்டம் மீறப்படுகிறது என்பதாலேயே அது தவறான சட்டம் ஆகிவிடாது. அது யாரைக் காக்கிறது, யாரிடமிருந்து எதைப் பறிக்கிறது என்று கேட்டுத்தான் எடைபோட வேண்டும். அப்படிக் கேட்பவர்கள் நம்மிடையே குறைவு. தடையை ஆதரிப்பவர்கள் மின் சிகரெட்டும் சிகரெட்டுக்கு நிகரான கேடு என்கிறார்கள். அதைவிட மோசம் என்பவர்களும் உண்டு. எதிர்ப்பவர்கள், கொல்லும் சிகரெட்டைக் கடையில் தொங்கவிட்டுவிட்டு, கேடு குறைந்ததைத் தடை செய்வது என்ன நியாயம் என்கிறார்கள்.

முதலில் கேட்டைப் பார்ப்போம். சிகரெட் கொல்வது பெரும்பாலும் அது எரிவதால்தான். புகையிலை எரியும்போது தாரும், கார்பன் மோனாக்சைடும், புற்றுநோய் தரும் பல பத்து வேதிப்பொருள்களும் உண்டாகின்றன. 2003-இல் சீன மருந்தாளுநர் ஹான் லிக் உருவாக்கிய கருவியில் எரிதல் இல்லை. புரொப்பிலீன் கிளைக்கால், கிளிசரின், நிகோட்டின், வாசனைப் பொருள் கலந்த திரவத்தை மின்கலத்தால் இயங்கும் ஒரு கம்பிச்சுருள் சூடாக்கி ஆவியாக்குகிறது. சூடு மிகுந்தால் ஃபார்மால்டிஹைடு உண்டாகும். சுருளிலிருந்து நிக்கல், குரோமியம், ஈயம் போன்ற உலோகத் துகள்கள் ஆவியில் சேரும். தின்பண்டத்தில் சேர்க்க அனுமதிக்கப்பட்ட வாசனைப் பொருளை நுரையீரலுக்குள் இழுத்தால் என்ன ஆகும் என்பது வேறு கேள்வி. இத்தனையையும் கணக்கில் சேர்த்தாலும், சிகரெட் புகையோடு ஒப்பிட்டால் நச்சு குறைவுதான். இதை மறுப்பவர் எவ்வளவு நல்ல நோக்கத்தோடு மறுத்தாலும் உண்மைக்கு எதிராகப் பேசுகிறார்.

ஆனால் எவ்வளவு குறைவு? இங்கிலாந்தின் பொதுநலவாழ்வு நிறுவனம் 2015-இல், மின் சிகரெட் சிகரெட்டைவிட 95 விழுக்காடு தீங்கு குறைந்தது என்று அறிவித்தது. அந்த எண் உலகம் சுற்றி வந்துவிட்டது. அதன் வேரைத் தேடிப் போனால், 2013-இல் ஒரு சிறிய வல்லுநர் குழு கூடி, பன்னிரண்டு வகை நிகோட்டின் பொருள்களுக்குத் தங்கள் கணிப்பின்படி மதிப்பெண் போட்ட பட்டியலில் போய் நிற்கிறது. மக்களை ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்து அளந்து பெற்ற எண் அல்ல அது. லான்செட் மருத்துவ இதழ் 2015-இலேயே இதைக் கடுமையாகக் கண்டித்தது. என் கணிப்பில், அந்த எண் காட்டும் திசை சரி, துல்லியம்தான் பொய். முதல் உலகப்போர்க் காலத்தில் பரவிய சிகரெட்டுக்கும் நுரையீரல் புற்றுநோய்க்கும் உள்ள தொடர்பு 1950-இல் ரிச்சர்ட் டால், பிராட்ஃபோர்டு ஹில் இருவரின் ஆய்வில்தான் கண்கூடாயிற்று. இருபது ஆண்டுகளே பரவலாகப் புழங்கிவரும் ஒரு கருவிக்கு 95 என்று கணக்கு முடித்துச் சொல்ல எவருக்கும் உரிமை இல்லை.

சிகரெட்டை விட உதவுகிறதா என்பதற்கு நல்ல ஆதாரம் உண்டு. பீட்டர் ஹாஜெக் தலைமையில் இங்கிலாந்தில் நடந்த ஆய்வு 2019-இல் வெளியானது. சிகரெட்டை விட விரும்பிய 886 பேரைக் குலுக்கல் முறையில் இரண்டு குழுக்களாகப் பிரித்தார்கள். ஓராண்டு கழித்து, மின் சிகரெட் பெற்றவர்களில் 18 விழுக்காட்டினரும், நிகோட்டின் பட்டை, சூயிங்கம் போன்றவை பெற்றவர்களில் 9.9 விழுக்காட்டினரும் சிகரெட்டை விட்டிருந்தார்கள். ஏறக்குறைய இரண்டு மடங்கு. சிகரெட்டால் இளைத்துப்போன நெஞ்சோடு போராடும் ஒருவருக்கு இது சிறிய செய்தி அல்ல. ஆனால் அதே ஆய்வின் இன்னொரு எண்ணை ஆதரவாளர்கள் மெல்லக் கடந்துபோகிறார்கள். மின் சிகரெட் வழியே சிகரெட்டை விட்டவர்களில் 80 விழுக்காட்டினர் ஓராண்டு கழித்தும் மின் சிகரெட்டை இழுத்துக்கொண்டிருந்தார்கள். மற்றக் குழுவில் பட்டையையோ சூயிங்கத்தையோ தொடர்ந்தவர்கள் 9 விழுக்காடு மட்டுமே. புகை போயிற்று, நிகோட்டின் போகவில்லை. ஐம்பது வயதுக்காரருக்கு இது நல்ல பேரம் என்றே நான் நினைக்கிறேன். பதினைந்து வயதில் தொடங்குகிறவருக்கு இதில் பேரமே இல்லை. அவர் விட்டொழிக்க எந்தச் சிகரெட்டும் இருக்கவில்லை.

அந்தப் பதினைந்து வயதுக்கு என்ன நடக்கும் என்பதை அமெரிக்காவில் உலகம் பார்த்தது. 2015-இல் சந்தைக்கு வந்த ஜூல் நிறுவனம், நிகோட்டினோடு பென்சாயிக் அமிலத்தைச் சேர்த்து நிகோட்டின் உப்பாக மாற்றியது. தொண்டையில் கரிப்பு குறைந்தது; அதனால் நிகோட்டினின் அளவை 5 விழுக்காடு வரை ஏற்ற முடிந்தது. முதல் இழுப்பில் இருமிக் கண்ணீர் விடும் அனுபவம்தான் எத்தனையோ பிள்ளைகளைச் சிகரெட்டிலிருந்து திருப்பி அனுப்பியிருக்கிறது. அந்த இயற்கையான காவலை வேதியியல் எடுத்துவிட்டது. மாம்பழம், புதினா வாசனைகள் மிச்சத்தைச் செய்தன. அமெரிக்க உயர்நிலைப்பள்ளி மாணவர்களில் மின் சிகரெட் பயன்படுத்தியவர்கள் 2017-இல் 11.7 விழுக்காடு, 2019-இல் 27.5. இரண்டே ஆண்டு. மால்பரோ சிகரெட்டின் உரிமையாளரான ஆல்ட்ரியா 2018 டிசம்பரில் ஜூலின் 35 விழுக்காட்டுப் பங்கை 1,280 கோடி டாலருக்கு வாங்கியது. சிகரெட்டை ஒழிக்க வந்ததாகச் சொல்லப்பட்ட பொருளில் சிகரெட் நிறுவனமே அவ்வளவு பணத்தைக் கொட்டியது என்றால், எதிர்காலத்தின் வாடிக்கையாளர் யார் என்று அதற்குத் தெரிந்திருந்தது.

இங்கே நேர்மையாக ஒன்றைச் சொல்ல வேண்டும். மின் சிகரெட் பிள்ளைகளைச் சிகரெட்டுக்கு இட்டுச்செல்லும் வாசல் என்ற வாதம் நாம் நினைப்பது போல உறுதியானதல்ல. மின் சிகரெட் இழுக்கும் பதின்வயதினர் பின்னாளில் சிகரெட்டைத் தொடும் வாய்ப்பு அதிகம் என்று பல ஆய்வுகள் காட்டுவது உண்மை. ஆனால் அத்தகைய பிள்ளை எதையும் முயன்று பார்க்கும் இயல்பு உடையவராகவே இருக்கலாம். மேலும் அமெரிக்க உயர்நிலைப்பள்ளிகளில் சிகரெட் பிடிப்போர் 2011-இல் 15.8 விழுக்காடு; 2024-இல் 1.7. மின் சிகரெட் பெருகிய காலத்தில்தான் சிகரெட் இப்படிச் சரிந்தது. எனவே வாசல் வாதத்தின் மீது தடையைக் கட்டினால் அது நிற்காது. அந்த வாதம் தேவையும் இல்லை. இருபத்தைந்து வயது வரை வளர்ந்துகொண்டிருக்கும் மூளையை நிகோட்டினுக்கு அடிமையாக்குவது ஒன்றே போதுமான கேடு.

சரி, இங்கிலாந்து ஏன் தடை செய்யவில்லை? அங்கே 2011-இல் பெரியவர்களில் ஐந்தில் ஒருவர் சிகரெட் பிடித்தார். 2023-இல் அது 11.9 விழுக்காடு. மின் சிகரெட்டுக்கு அந்த இறக்கத்தில் பங்கு உண்டு என்று நம்ப இடமிருக்கிறது. பிள்ளைகளிடம் பரவியதைக் கண்டு, திரவம் தீர்ந்ததும் தூக்கி எறியும் வகையை 2025 ஜூன் 1 முதல் அங்கேயும் தடை செய்துவிட்டார்கள். நம் நாட்டுத் தடையை விமர்சிப்பவர்கள் பெரும்பாலும் இந்த இங்கிலாந்து வாதத்தைத்தான் அப்படியே இங்கே இறக்குகிறார்கள். என் மறுப்பு இந்த இடத்தில்தான் தொடங்குகிறது.

2016-17-இல் நடந்த வயதுவந்தோர் புகையிலைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் புகைப்பவர்கள் 10.7 விழுக்காடு. வாயில் அடக்குகிறவர்கள், மெல்லுகிறவர்கள், ஈறில் தேய்க்கிறவர்கள் 21.4 விழுக்காடு. அதாவது நம் புகையிலையின் பெரும்பகுதி எரிவதே இல்லை. வெற்றிலையோடு புகையிலைக்காம்பைக் குதப்பும் பாட்டிக்கும், குட்கா போடும் கட்டடத் தொழிலாளிக்கும் எரிதல் இல்லாத கருவியால் ஒரு பயனும் கிடையாது. அவர்களைத் தாக்கும் வாய்ப்புற்றுநோய்க்கு அது மாற்று அல்ல. புகைப்பவர்களிலும் பீடி பிடிப்பவர்கள் 7.7 விழுக்காடு, சிகரெட் 4 விழுக்காடு. ஒரு நாள் கூலியில் பீடிக்கட்டு வாங்குகிறவர் சில ஆயிரம் ரூபாய் கொடுத்து மின்கலக் கருவி வாங்கி, அதற்குத் திரவமும் வாங்கித் தன் நுரையீரலைக் காத்துக்கொள்வார் என்று வாதாடுவதற்கு அவரைப் பார்த்தே இருக்கக் கூடாது. அந்தக் கணக்கெடுப்பில் மின் சிகரெட் பயன்படுத்தியவர்கள் 0.02 விழுக்காடு. தடையால் மீட்சி இழந்தவர்கள் என்று ஒரு கூட்டம் அன்று இங்கே ஏறக்குறைய இல்லவே இல்லை.

இன்னொரு எண் என்னை அதிகம் யோசிக்க வைக்கிறது. நம் பெண்களில் புகைப்பவர்கள் 2 விழுக்காடு மட்டுமே. புகையின் நாற்றம், வீட்டாரின் கண், ஊரின் பேச்சு எல்லாம் சேர்ந்து எழுப்பிய சுவர் அது. அந்தச் சுவர் நியாயமானதா என்பது வேறு விவாதம். ஆனால் அதன் மறைவில் கோடிக்கணக்கான நுரையீரல்கள் தப்பித்திருக்கின்றன. நாற்றமில்லாத, சாம்பலில்லாத, கைக்குள் மறையும் ஒரு பொருள் அந்தச் சுவரை இடிக்காமலே தாண்டும். இந்தியச் சந்தையில் இந்தப் பொருளுக்குக் காத்திருந்த வளர்ச்சி, சிகரெட்டை விட விரும்பும் ஆண்களிடம் அல்ல, இதுவரை எதையும் தொடாத இளம்பெண்களிடமும் பிள்ளைகளிடமும்தான் இருந்தது. இதனால்தான் தடையை ஆதரிக்கிறேன்.

என் முடிவுக்கு எதிரான வலுவான சான்று சிங்கப்பூரிலிருந்து வருகிறது. அங்கே 2018 பிப்ரவரியிலிருந்தே மின் சிகரெட்டை வைத்திருப்பதும் இழுப்பதும் குற்றம். அவ்வளவு ஒழுங்கான நிர்வாகத்தையும் மீறி அது பரவியது; 2025-இல், பிடிபட்டவற்றில் நூற்றுக்கு மேற்பட்டவற்றைச் சோதித்தபோது மூன்றில் ஒன்றில் எட்டோமிடேட் என்ற மயக்க மருந்து இருந்தது. செப்டம்பர் 1 முதல் அதைப் போதைப்பொருள் பட்டியலில் சேர்த்தார்கள். அமெரிக்காவில் 2019-20-இல் 2,800-க்கும் மேற்பட்டோரை மருத்துவமனைக்கு அனுப்பி 68 பேரைக் கொன்ற நுரையீரல் நோய்க்கும் முதன்மைக் காரணம் கடையில் விற்ற நிகோட்டின் திரவம் அல்ல. கஞ்சாச் சத்துக் கலந்த கள்ளச் சரக்கில் சேர்த்திருந்த வைட்டமின் ஈ அசிட்டேட். நம் அவசரச் சட்டம் அந்த நோய் பற்றிய செய்திகள் உச்சத்தில் இருந்த அதே மாதத்தில் வந்தது. சரியாகப் படித்தால் அந்தச் சாவுகள் கள்ளச் சந்தைக்கு எதிரான சான்று. கள்ளச் சந்தையை வளர்ப்பதோ தடை.

இதற்கு எளிதான பதில் என்னிடம் இல்லை. ஆனாலும் தட்டு முழுக்க அந்தப் பக்கம் சாயவில்லை. சட்டப்படி விற்கும் நாடுகளிலும் கள்ளச் சரக்கு குவிகிறது. அளவும் வயதும் வாசனையும் பார்த்து நெறிப்படுத்த ஓர் அரசுக்கு ஆளும் ஆய்வகமும் வேண்டும். தமிழ்நாட்டில் 2013-இலிருந்து குட்காவுக்குத் தடை உண்டு. அது எப்படிப் புழங்கியது, மாமூல் எங்கெல்லாம் போனதாகக் குற்றச்சாட்டு எழுந்து சி.பி.ஐ. விசாரணை வரை சென்றது என்பது எல்லோரும் அறிந்தது. பள்ளியிலிருந்து நூறு கஜத்துக்குள் சிகரெட் விற்கக் கூடாது என்ற 2003-ஆம் ஆண்டுச் சட்டத்தைப் பெட்டிக்கடையில் நிறைவேற்ற முடியாத நிர்வாகம், நிகோட்டின் 20 மில்லிகிராமா 50 மில்லிகிராமா என்று புட்டி புட்டியாகச் சோதிக்கும் என்று நான் நம்பவில்லை.

ஆகவே தடை நிற்கட்டும். ஆனால் இப்போதிருக்கும்படியே நிற்கக் கூடாது. சிகரெட்டைவிட மோசம் என்று பிள்ளைகளிடம் சொல்வதை முதலில் நிறுத்த வேண்டும். நாளை அவர்கள் உண்மையைக் கண்டறிந்தால் மற்ற எச்சரிக்கைகளையும் சேர்த்தே உதறுவார்கள். பிடிபடும் மாணவரைக் காவல் நிலையத்துக்கு அல்ல, ஆலோசகரிடம் அனுப்ப வேண்டும், தண்டனை விற்றவருக்கு. பறிமுதல் செய்த திரவங்களில் என்ன இருக்கிறது என்று சோதித்து, முடிவை ஊரறிய வெளியிட வேண்டும். சிங்கப்பூர் தெரிந்துகொண்டது அப்படிச் சோதித்ததால்தான்.

எல்லாவற்றையும்விட, ஆண்டுக்குப் பதின்மூன்றரை லட்சம் பேரைக் கொல்லும் பழைய புகையிலையை இந்தத் தடையின் நிழலில் மறக்கக் கூடாது. கேடு குறைந்த ஒரு வழியை மூடிய அரசுக்கு, மற்ற வழிகளைத் திறந்து வைக்கும் கடமை இரட்டிப்பாகிறது. நிகோட்டின் சூயிங்கமும் பட்டையும் 2022-இல் தேசிய அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் ஏறிவிட்டன. அவை ஒவ்வொரு ஆரம்ப சுகாதார நிலையத்திலும் இலவசமாகக் கிடைக்க வேண்டும். விட நினைப்பவர் அழைக்க 1800-11-2356 என்ற எண் இருக்கிறது. அதைப் பீடிக்கட்டு வாங்குகிறவர் எத்தனை பேர் அறிவார்கள்? சில்லறையாக ஒற்றைச் சிகரெட் விற்பதைத் தடுக்கச் சொல்லி நாடாளுமன்ற நிலைக்குழு 2022-இல் பரிந்துரைத்தது. நாடு முழுவதற்குமான தடையாக அது வந்தாக வேண்டும். பிள்ளைகள் கையில் முதல் சிகரெட் அப்படித்தான் வருகிறது. இவற்றையெல்லாம் செய்திருக்க வேண்டிய காலத்தில், 2025 செப்டம்பரில் ஜி.எஸ்.டி. மன்றம் பீடிக்கான வரியை 28 விழுக்காட்டிலிருந்து 18-ஆகக் குறைக்க முடிவெடுத்தது. பீடி சுற்றும் பெண்களின் கூலியை உயர்த்தவோ மாற்றுத் தொழில் தரவோ வேறு வழிகள் உண்டு. அந்த வரிக்குறைப்பைத் திரும்பப் பெறாதவரை, மின் சிகரெட் தடையை மக்கள் நலச் சட்டம் என்று அழைக்க அரசுக்குப் பாதி உரிமைதான் இருக்கிறது.