இருபது நிமிஷ பீன்ஸ்

கதையை விமர்சிக்கிறோம். சினிமாவை விமர்சிக்கிறோம். கவிதையை விமர்சித்து நண்பர்களை இழக்கிறோம். சமையல் குறிப்பை மட்டும் யாரும் விமர்சிப்பதில்லை. செய்து பார்க்கிறோம். சரியாக வராவிட்டால் 'நமக்குக் கைவரலை' என்று புத்தகத்தை மூடிவிடுகிறோம். இத்தனைக்கும் இப்படி வரிக்கு வரி நம்பி, சொன்னதைச் சொன்னபடி செய்ய வைக்கிற எழுத்து வேறு இல்லை. நாவலில் பொய் இருந்தால் அதற்குக் கற்பனை என்று பெயர். சமையல் குறிப்பில் பொய் இருந்தால் ராத்திரிச் சாப்பாடு பத்து மணிக்குப் போகிறது.

இந்த வாரம் விமர்சனத்துக்கு எடுத்துக்கொண்டது 'வீட்டிலேயே இருபது நிமிஷத்தில் பேக்டு பீன்ஸ்'. இது ஒருவர் எழுதியது இல்லை. ஆங்கிலச் சமையல் பக்கங்களில் ஆளுக்கொரு விதமாக எழுதிக்கொண்டே இருக்கும் ஒரு வகை. சாராம்சம் ஒன்றுதான். வெங்காயத்தை வதக்கு. தக்காளி விழுதை ஊற்று. கொஞ்சம் கடுகு, கொஞ்சம் இனிப்பு, கொஞ்சம் வினிகர். பீன்ஸைப் போடு. கொதித்து கெட்டியானதும் டோஸ்ட் மேல் கொட்டு. முடிந்தது.

தலைப்பில் மூன்று தகவல்கள் இருக்கின்றன: இருபது நிமிஷம், பேக்டு, பீன்ஸ். இதில் சந்தேகமில்லாத உண்மை பீன்ஸ் மட்டும்தான்.

அதையும் நம்மவர்களுக்குக் கொஞ்சம் விளக்க வேண்டும். நாம் பொரியலுக்கு நறுக்குகிற பச்சை பீன்ஸ் இல்லை இது. அதே இனச் செடியில் காயை முற்ற விட்டு, காய வைத்து எடுக்கும் வெள்ளைக் கொட்டை. ராஜ்மாவுக்குச் சின்னத் தம்பி என்று வைத்துக்கொள்ளுங்கள். அமெரிக்கக் கடற்படையில் இதைப் போட்டே மாலுமிகளை வளர்த்ததால் அங்கே 'நேவி பீன்' என்று பெயர்.

அடுத்து 'பேக்டு'. அடுப்புக்குள் பானையை வைத்து மணிக்கணக்கில் மெதுவாகச் சுட வைப்பதுதான் பேக் செய்வது. டின்னில் விற்கிற பீன்ஸ் அந்த அடுப்பைப் பார்த்ததே இல்லை. கொட்டையை லேசாக வெந்நீர் காட்டி, சாஸோடு டின்னில் நிரப்பி, மூடியை ஒட்டி, மூடிய டின்னையே நீராவி அழுத்தத்தில் வேக வைக்கிறார்கள். சுருக்கமாக, ஒரு பிரம்மாண்டமான பிரஷர் குக்கர். பிரிட்டனில் ஹைன்ஸ் கம்பெனி 2008-ல் தன் டின்னிலிருந்து 'பேக்டு' என்ற சொல்லையே எடுத்துவிட்டது. பெயர் நீளமாக இருக்கிறதாம். காரணம் எதுவானாலும், லேபிள் அன்றைக்கு உண்மைக்கு ஓரடி கிட்டே வந்தது.

நிஜமாகவே சுட்ட பீன்ஸின் ஊர் அமெரிக்காவின் பாஸ்டன். பியூரிட்டன் கிறிஸ்தவர்களுக்குச் சனிக்கிழமை சூரியன் மறைந்தால் ஓய்வுநாள் தொடங்கிவிடும். அதற்கப்புறம் சமையல் உட்பட வேலை எதுவும் கூடாது. அதனால் சனிக்கிழமை பகல் முழுக்க பீன்ஸ் பானை அடுப்புக்குள் கிடக்கும். ராத்திரியும் அதுதான், ஞாயிற்றுக்கிழமையும் அதுதான். அவசரத்துக்குப் பிறந்த பண்டம் இல்லை இது. ஓய்வெடுப்பதற்காக முன்கூட்டியே உழைத்து வைத்த பண்டம்.

அந்த ஊர் எழுத்து இரண்டைப் பக்கத்தில் வைத்துப் படித்தால் நம் இருபது நிமிஷத்தின் தரம் தெரியும். முதலாவது லிடியா மரியா சைல்ட் 1829-ல் வெளியிட்ட சிக்கனக் குடும்பத் தலைவிக்கான புத்தகம். அடிமை முறையை எதிர்த்துக் கடுமையாக எழுதிய அதே சைல்ட்தான். எடுத்த எடுப்பிலேயே, இது ரொம்ப எளிமையான பண்டம், ஆனால் ஒழுங்காகச் செய்கிறவர்கள் குறைவு என்று எச்சரிக்கை கொடுத்துவிடுகிறார். பிறகு முந்தின ராத்திரியே தண்ணீரில் போடு, காலையில் இரண்டு மூன்று தரம் அலசு, பன்றி இறைச்சியோடு ஒரு மணி நேரத்துக்கு மேல் சூட்டில் வை, அப்புறம் மூன்று நான்கு மணி நேரம் சுடு என்கிறார். எதையும் ஒளிக்கவில்லை. படித்து முடிக்கும்போது, நாளைக்கு நம் பொழுது எப்படிப் போகும் என்று தெளிவாகத் தெரிந்துவிடுகிறது.

இரண்டாவது ஃபேனி ஃபார்மர், 1896. பாஸ்டன் சமையல் பள்ளியின் தலைவி. ஸ்பூனை வழித்துத் தட்டையாக்கித்தான் அளக்க வேண்டும் என்று ஒரு தேசத்துக்கே சொல்லிக்கொடுத்தவர். இந்தப் புத்தகம் எங்கே விற்கப்போகிறது என்று நினைத்த பதிப்பாளர், முதல் 3,000 பிரதிகளுக்கு அவரையே அச்சுச் செலவு கொடுக்க வைத்தார். அப்புறம் அது லட்சக்கணக்கில் விற்றது வேறு கதை. அளவிலும் எண்ணிலும் அத்தனை பிடிவாதமான அந்த அம்மாள், பீன்ஸ் எவ்வளவு நேரம் முதல் வேக்காடு வேக வேண்டும் என்பதற்கு நிமிஷமே கொடுக்கவில்லை. ஸ்பூன் நுனியில் நாலு கொட்டையை எடு, வாயால் ஊது, தோல் வெடித்தால் பதம் என்கிறார். ஊதிய கொட்டைகளைத் தூக்கிப் போட்டுவிடு என்றும் சேர்த்துக்கொள்கிறார். அதற்கப்புறம்தான் அடுப்பில் ஆறிலிருந்து எட்டு மணி நேரம், கடைசி ஒரு மணி நேரம் மூடியைத் திறந்து.

இந்த ஊதிப் பார்க்கிற வரிதான் என் கணக்கில் நல்ல சமையல் எழுத்து. நம்மிடம் இதற்குச் சொல்லே இருக்கிறது: பதம். பாகு என்றால் கம்பிப் பதம், உருட்டுப் பதம். சோறு என்றால் பானையிலிருந்து ஒரு பருக்கை. பாட்டிகள் யாரும் 'பன்னிரண்டு நிமிஷம்' என்று சொன்னதில்லை. 'இப்படி வந்தா இறக்கு' என்றுதான் சொன்னார்கள். நிமிஷம் கடிகாரத்தைப் பார்த்துச் சொல்வது. பதம் பண்டத்தைப் பார்த்துச் சொல்வது. போன வருஷத்துப் பழைய கொட்டை, புதுக் கொட்டையை விட ரொம்ப நேரம் வேகும். உப்புத் தண்ணீரில் இன்னும் நேரமாகும். இதெல்லாம் கடிகாரத்துக்குத் தெரியாது.

சரி, இருபது நிமிஷக்காரர் மிச்ச நேரத்தையெல்லாம் எங்கே கொண்டுபோய் வைத்தார்? தேவையான பொருட்கள் பட்டியலைப் பாருங்கள். 'வேக வைத்த வெள்ளை பீன்ஸ் - 2 கப்'. பள்ளிக்கூடத்தில் பெயரெச்சம் என்று படித்தோமே, அந்த 'வேக வைத்த'. அதற்குள் எட்டு மணி நேர ஊறலும் ஒரு மணி நேர வேக்காடும் ஒளிந்துகொண்டிருக்கின்றன. ஊற வைத்தது யார், வேக வைத்தது யார் என்று சொல்லவில்லை. ஒரு பெயரெச்சத்தை இவ்வளவு தந்திரமாக வேறு எந்த இலக்கியத்திலும் யாரும் பயன்படுத்தியதில்லை.

இதே குற்றச்சாட்டை வெங்காயத்தை முன்வைத்து 2012-ல் ஒருவர் சொன்னார். அமெரிக்காவின் 'ஸ்லேட்' இதழில் டாம் ஸ்கோக்கா. வெங்காயம் பழுப்பாகச் சுருள ஐந்து, பத்து நிமிஷம் போதும் என்று குறிப்பு எழுதுகிறவர்கள் திரும்பத் திரும்ப எழுதுகிறார்கள், செய்து பார்த்தால் முக்கால் மணி ஆகிறது, ஏன் இப்படிப் பொய் சொல்கிறார்கள் என்று கேட்டார். காரணம் ஊகிக்கக் கூடியதுதான். முக்கால் மணி என்று உண்மையை எழுதினால் பாதிப் பேர் பக்கத்தைப் புரட்டிவிடுவார்கள்.

இன்னொரு வகைக் குறிப்பு இன்னும் மோசம். ஊற வைத்த பச்சைக் கொட்டையையே நேராகத் தக்காளிச் சாஸில் போட்டு, மூடி வேக வை என்பது. வேகாது. நம் வீடுகளில் பருப்பு வேகும் முன் புளித்தண்ணீர் ஊற்றுவோமா? அதே சங்கதிதான். கொட்டையின் செல் சுவர்களைப் புளிப்பு இளக விடாது. பாஸ்டன்காரர்கள் சேர்க்கிற மொலாசஸ், அதாவது சர்க்கரை எடுத்த பிறகு மிஞ்சும் கரும்புப் பாகு, அதிலும் புளிப்பு, இனிப்பு, கால்சியம் மூன்றும் இருக்கின்றன. மூன்றுமே கொட்டையை இறுக்கிப் பிடிக்கிற சமாசாரங்கள். எட்டு மணி நேரம் கிடந்தும் பாஸ்டன் பீன்ஸ் கூழாகாமல் முழுசாக இருப்பதன் ரகசியம் அதுதான் என்று சமையல் விஞ்ஞானம் எழுதும் ஹெரால்ட் மெக்கீ விளக்குகிறார். எட்டு மணி நேரக்காரனுக்கு வரம். இருபது நிமிஷக்காரனுக்குச் சாபம்.

அரைவேக்காட்டில் ஆபத்தும் உண்டு. இந்தக் குடும்பத்துக் கொட்டைகளில் லெக்டின் வகைப் புரதம் ஒன்று இருக்கிறது. சிவப்பு ராஜ்மாவில் அதிகம், வெள்ளையில் குறைவு. சரியாக வேகாமல் சாப்பிட்டால் சில மணி நேரத்தில் வாந்தியும் வயிற்றுப்போக்கும் வரும். ராத்திரி ஊற வைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் குறைந்தது பத்து நிமிஷம் தளதளவென்று கொதிக்க விட்டு, பிறகு மெத்தென்று ஆகும்வரை வேக விட வேண்டும். மின்சார ஸ்லோ குக்கரில் அப்படியே போட்டுவிட்டு ஆபீஸ் போவது நல்லதில்லை. அந்தச் சூடு விஷத்தை முறிக்கப் போதாது. 'சீக்கிரம்' என்று தலைப்பு போடுகிறவர்களில் பலர் இந்த வரியை விட்டுவிடுகிறார்கள்.

டோஸ்ட் மேல் பீன்ஸுக்கு இத்தனை கோபமா என்று கேட்கலாம். கோபம் பீன்ஸ் மேல் இல்லை. ஆபீஸிலிருந்து ஏழரைக்கு வந்து, எட்டு மணிக்குத் தட்டு வைத்துவிடலாம் என்று கணக்குப் போட்டு நிற்கிறவர் யார் என்று யோசியுங்கள். பெரும்பாலான வீடுகளில் இன்றைக்கும் ஒரு பெண். ஒன்பது மணிக்கும் கொட்டை கடக்கென்று இருந்தால், குறிப்பு எழுதியவரை யாரும் திட்டப் போவதில்லை. 'இருபது நிமிஷ வேலை, இதுகூட வரலையா?' என்ற கேள்வி அவருக்குத்தான் வரும். பொய்யான நிமிஷத்துக்கான வட்டியை அவர் கட்டுகிறார்.

பண்டத்தைப் பற்றி என் தீர்ப்பு வேறு. அது நல்ல பண்டம். டின்னும் கேவலம் இல்லை. ஹைன்ஸ் 1895-ல் அமெரிக்காவில் பீன்ஸ் போட ஆரம்பித்து, 1928-லிருந்து லண்டன் ஹார்ல்ஸ்டனிலேயே தயாரித்தார்கள். இரண்டாம் உலகப் போரின் ரேஷன் காலத்தில் பிரிட்டிஷ் டின்னிலிருந்து பன்றி இறைச்சி வெளியேறியது. திரும்பி வரவில்லை. சைவர்களுக்கு அது போர் தந்த சின்ன லாபம். வேறு யாரோ முன்பே செலவழித்து முடித்த நேரத்தை டின்னில் வாங்குகிறோம். வாங்கியதை ஒப்புக்கொண்டால் தப்பே இல்லை.

ஒப்புக்கொண்டு செய்யும் முறை இது. ஞாயிற்றுக்கிழமை கால் கிலோ வெள்ளைக் கொட்டையை ஊற வைத்து, கொதிக்க விட்டு, குக்கரில் வேக வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு விரலுக்கு நடுவில் அழுத்தினால் எதிர்ப்பில்லாமல் நசுங்க வேண்டும், அதுதான் பதம். நசுங்காவிட்டால் இன்னும் இரண்டு விசில். ஆற வைத்து ஃப்ரீசரில் வைத்துவிடலாம். வேண்டிய நாளில் வெங்காயத்தை நிதானமாக வதக்கி, தக்காளி விழுது ஊற்றி, பச்சை வாசனை போனதும் கொஞ்சம் வெல்லம், அரைத்த கடுகு, மிளகுத்தூள், உப்பு. வெந்த பீன்ஸைப் போட்டு, கரண்டியின் பின்பக்கத்தில் சாஸ் படிகிற வரைக்கும் கொதிக்க விடுங்கள். கடைசியில் ஒரு ஸ்பூன் வினிகர். டின் சாஸைவிடக் கட்டாயம் நன்றாக இருக்கும். ஏனென்றால் இனிப்பு உங்கள் கையில்.

இதற்கு இருபது நிமிஷம் ஆகும். நிஜமான இருபது நிமிஷம். அதனால் தலைப்பை இப்படித் திருத்தச் சிபாரிசு செய்கிறேன்: 'வெந்த பீன்ஸ் கையில் இருந்தால், இருபது நிமிஷம்'. பக்கத்தில் கால் வரி இடம் கூடுதலாகப் போகும். படிக்கிறவர் ஏழரை மணிக்கே முடிவு செய்துகொள்வார், இன்றைக்கு பீன்ஸா உப்புமாவா என்று.