இமையில் நாவல்பழ நிறம்

இமையில் பழுப்பு தடவும்போது கை கொஞ்சம் முன்பின் ஆனாலும் யாருக்கும் தெரியாது. பொன்னிறமும் மினுமினுப்பைக் காட்டித் தப்பித்துவிடும். ஊதா விடாது. ஓரிடத்தில் திட்டு விழுந்தால் கல்யாண ஆல்பம் முழுக்க அந்தத் திட்டு இருக்கும். ஓரம் கலையாமல் நின்றுவிட்டால் ஐஷேடோ தனியாக, கண் தனியாகத் தெரியும். அதனால்தான் கல்யாணப் பெண் ஊதா கேட்டால் ஒப்பனை செய்பவர்கள் பலர், "கோல்டன் பிரவுன் போட்டுக்கலாம்மா, அதுதான் எடுப்பா இருக்கும்" என்று பேச்சைத் திருப்பிவிடுகிறார்கள். மலேசியாவின் செலாயாங்கில், வீட்டு முன்னறையில் ஒரு பெரிய கண்ணாடியும் உயரமான நாற்காலியும் போட்டுத் தொழில் செய்யும் ஓர் அக்காவுக்கோ ஊதா என்றதும் முகம் மலரும். அவருடைய கைவேலையைக் கிட்டத்தில் இருந்து பார்க்கும் வாய்ப்பு எனக்குக் கிடைத்தது. அதில் ரசித்தவற்றைச் சொல்கிறேன்.

அவர் முதலில் கேட்பது புடவையை. பிரிக்பீல்ட்ஸ் துன் சம்பந்தன் சாலையில் எடுத்ததோ, கிள்ளான் தெங்கு கிளானா சாலையில் எடுத்ததோ, தமிழ்நாட்டிலிருந்து வரவழைத்த காஞ்சிபுரமோ, முந்தானையைப் பிரித்து ஜன்னல் பக்கம் கொண்டுபோய்ப் பெண்ணின் கன்னத்தோடு வைத்துப் பார்ப்பார். பட்டுப் புடவையில் ஊதா பல வகை. கத்தரிப்பூவில் வெண்மையும் நீலமும் ஓடும். வாடாமல்லியில் சிவப்பு தூக்கல். நாவல்பழம் கறுப்பை எட்டிப் பிடித்துவிடும். வாடாமல்லிப் பட்டு கட்டும் பெண்ணுக்கு இமையிலும் வாடாமல்லியே பூசுவது பலரின் வழக்கம். அக்கா பூசமாட்டார். சிவப்பு கூடிய ஊதா விழிக்குப் பக்கத்தில் வந்தால், அழுது முடித்த கண்ணின் சோர்வு வந்துவிடும் என்பது அவர் கணக்கு. புடவையின் வாடாமல்லியில் ஒரு சாயலை உதட்டுக்கும் கன்னத்துக்கும் கொடுத்துவிட்டு, இமைக்கு நாவல்பழத்தை எடுப்பார். புடவையும் கண்ணும் ஒரே நிறமாக இல்லாமல் ஒன்றையொன்று தூக்கிக் கொடுக்கும். இந்தத் தேர்விலேயே பாதிக் கலை முடிந்துவிடுகிறது.

ஒருநாள் ஒரு கல்யாணப் பெண்ணின் அம்மா பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். "ஏன்மா, ஊதாவா? கண்ணுல அடிபட்ட மாதிரி ஆயிடப் போவுது."

"ஆவாது ஆண்ட்டி. அடியில இருக்கிற கருப்ப முதல்ல சரி பண்ணிட்டுத்தான் கலர் வைப்பேன். பாத்துட்டே இருங்க."

அந்தத் தாயின் பயத்தில் நியாயம் உண்டு. நம்மவர் பலருக்கு இமையிலும் கண்ணுக்குக் கீழும் தோல் கருத்து, ஊதா கலந்த பழுப்பாகத்தான் இருக்கும். அதன்மேல் நேரே ஊதாவை வைத்தால் இரண்டும் கூட்டுச் சேர்ந்து தூக்கம் கெட்ட முகத்தைக் கொண்டுவரும். அக்கா மிளகளவு ஆரஞ்சு கரெக்டரைப் புறங்கையில் எடுத்து, மோதிர விரலால் சூடாக்கி, கருமை எங்கே இருக்கிறதோ அங்கே மட்டும் தட்டித் தட்டி வைத்தார். தேய்க்கவே இல்லை. நீலச் சாயல் உள்ள கருமையை ஆரஞ்சு அடக்கிவிடும். அதன்மேல் தோல் நிறத்தில் மெல்லிய கன்சீலர், அதன்மேல் கண்ணுக்கே தெரியாத அளவு பவுடர். இன்னும் முகத்துக்கு ஃபவுண்டேஷன் போடவில்லை. ஊதாப் பொடி கன்னத்தில் உதிரும், உதிர்ந்ததைத் துடைத்துவிட்டு முகத்துக்குப் போகலாம் என்பதற்காகக் கண்ணை முதலில் முடிக்கிறார்.

அதற்குப் பிறகு நடந்தது நிதானமான வேலை. இமைக் குழியில் முதலில் பெண்ணின் தோலைவிட ஒரு படி அடர்ந்த வெதுவெதுப்பான பழுப்பு. தோலுக்கும் ஊதாவுக்கும் நடுவே அது நிற்கும். பிறகு தட்டைப் பிரஷில் நாவல்பழ நிறத்தை எடுத்து, இமையின் வெளிப்பக்க மூன்றிலொரு பங்கில் ஒற்றினார். இழுக்கவில்லை, ஒற்றி எடுத்தார். இழுத்தால் அடியில் இருப்பதும் சேர்ந்து வந்துவிடும். அடுத்து அவர் எடுத்தது எந்த நிறமும் தொடாத ஒரு வெறும் பிரஷ். நான் மிகவும் ரசித்தது அந்த வெறும் பிரஷின் வேலையைத்தான். நுனியைப் பிடித்தும் பிடிக்காமலும், ஒரு சின்ன வட்டத்துக்குமேல் பெரிதாகாத சுழற்சியில், ஊதாவின் விளிம்பை மட்டும் சுற்றிச் சுற்றி வந்தது. அக்காவின் மணிக்கட்டு அசையவில்லை, விரல்கள் மட்டும் அசைந்தன. கொஞ்ச நேரத்தில் நாவல்பழம் வாடாமல்லியாகி, வாடாமல்லி பழுப்பாகி, பழுப்பு தோலாகிவிட்டது. இந்த இடத்தில் ஊதா முடிகிறது என்று விரல் வைத்துக் காட்ட முடியவில்லை. புருவத்துக்குக் கீழே கொஞ்சம் வெறும் தோலை விட்டிருந்தார். அந்த வெற்றிடம் இல்லையென்றால் கண்ணுக்கு மூச்சு விட இடமிருக்காது.

கீழ் இமையில் அவர் காட்டிய சிக்கனம் தனி அழகு. வெளி ஓரத்தில் மயிரிழை அளவுக்கு ஊதா, அவ்வளவுதான். உள் மூலைவரை கொண்டுபோனால் அந்த அம்மா பயந்தது நடந்திருக்கும்.

ஊதா ஏன் இப்படிப் படுத்துகிறது என்பதற்குக் காரணம் பொடியிலேயே இருக்கிறது. ஐஷேடோ டப்பாவின் பின்னால் சி.ஐ. 77742 என்று இருந்தால் அது மாங்கனீசு ஊதா, 1868-இல் ஜெர்மனியின் நியூரம்பெர்க்கில் உருவான நிறமி. 77007 என்றால் அல்ட்ராமரைன் வகை. இரண்டும் பழுப்பு தரும் இரும்பு ஆக்சைடு போல அடர்த்தியாக மூடுவதில்லை, தோலோடு அவ்வளவு சுலபமாக ஒட்டுவதும் இல்லை. ஒரே பூச்சில் நிறம் வராது. மெல்லிய பூச்சாக மேலே மேலே ஏற்ற வேண்டும். 75470 இருந்தால் அது கள்ளிச் செடியில் வாழும் பூச்சியிலிருந்து எடுக்கும் கார்மைன். வாடாமல்லிச் சாயல் பெரும்பாலும் அதிலிருந்து வருவதால், சைவம் பார்ப்பவர்கள் அந்த எண் இல்லாததாகப் பார்த்து வாங்குவது நல்லது.

ஒரு காலத்தில் இந்த நிறம் சாமானியர் கைக்கு எட்டியதில்லை. மத்தியதரைக்கடல் நத்தைகளிலிருந்து ஊதாச் சாயம் எடுத்தார்கள். 1909-இல் பால் ஃபிரீட்லண்டர் என்ற வேதியியலாளர் 12,000 நத்தைகளைக் கொண்டு சோதித்தபோது கிடைத்த சாயம் 1.4 கிராம். அரசர்களும் பெரும் பணக்காரர்களும் மட்டுமே உடுத்தியதில் வியப்பில்லை. அதை எல்லாருக்கும் திறந்துவிட்டவர் 18 வயது லண்டன் மாணவர் வில்லியம் பெர்கின். 1856-இல் மலேரியாவுக்கான குவினைன் மருந்தைச் செயற்கையாகத் தயாரிக்க முயன்றார். மருந்து வரவில்லை, குடுவையில் ஊதாச் சாயம் வந்தது. இதைப் படித்தபோது எனக்குக் கிள்ளான் நினைவு வந்தது. காடழித்து ரப்பர் நட்ட நம் முன்னோர் மலேரியாவில் கொத்துக்கொத்தாய்ச் செத்த மண் இது. 1901 முதல் டாக்டர் மால்கம் வாட்சன் கிள்ளானிலும் போர்ட் சுவெட்டன்ஹாமிலும் சதுப்பு நீரை வடியவைத்து அந்த நோயை அடக்கினார். குவினைனை விழுங்கி உயிர் பிழைத்தவர்களின் பேத்திகள், அந்தக் குவினைனைத் தேடப்போய்க் கிடைத்த நிறத்தைக் கல்யாணத்தன்று கண்ணில் அணிகிறார்கள். எனக்கு இது நெகிழ்ச்சியான விஷயம்.

மாநிறத்துக்கும் கருவிழிக்கும் ஊதா ஏன் இவ்வளவு பொருந்துகிறது? பாரிஸ் கோப்லான் நெசவாலையில் சாயப் பிரிவை நடத்திய ஷெவ்ரல், கறுப்புச் சாயம் வெளிறித் தெரிகிறது என்று வந்த புகாரை ஆராய்ந்தார். கோளாறு சாயத்தில் இல்லை, பக்கத்தில் நெய்திருந்த நிறத்தில் இருந்தது. ஒரு நிறத்தைப் பக்கத்து நிறம் மாற்றிக் காட்டும் என்பதை 1839-இல் விரிவான நூலாகவே எழுதினார். ஊதாவுக்கு எதிர்நிறம் மஞ்சள். நம் தோலுக்குள் மஞ்சளும் பொன்னும் ஓடுகின்றன. நம் விழியின் பழுப்புக்குள் தேன் நிறம் ஒளிந்திருக்கிறது. இமையில் ஊதா ஏறியதும் அந்தத் தேன் வெளியே வருகிறது. அந்தப் பெண் கண் திறந்தபோது நான் பார்த்தது அதைத்தான். கறுப்பு என்றே நினைத்திருந்த விழி, ஜன்னல் வெளிச்சத்தில் தெளிந்த பழுப்பாகத் தெரிந்தது.

நடு இமையில் அக்கா வைத்த மினுக்கையும் சொல்ல வேண்டும். அதற்குப் பிரஷ் இல்லை, விரல் நுனிதான். நேரே பார்த்தால் ஊதா, தலையைச் சாய்த்தால் பொன். காக்காப்பொன் எனும் மைக்காத் துகள்மேல் டைட்டானியம் டை ஆக்சைடை மிக மெல்லிய ஏடாகப் படியவைத்துச் செய்த பொடி அது. ஏட்டின் கனத்தைப் பொறுத்து ஒளி திரும்பும் நிறம் மாறும். பாவில் ஒரு நிறமும் ஊடையில் ஒரு நிறமும் ஓட்டி நெய்த மயில்கழுத்துப் பட்டு, அசையும்போது காட்டும் ஜாலத்தையே இமையில் கண்டேன். அதை இமை முழுக்க அப்பாமல், விழிக்கு நேர்மேலே நகக்கண் அளவு இடத்தில் நிறுத்தியதில் அக்காவின் ரசனை தெரிந்தது. இமைக்கும்போதுதான் பொன் தெரிய வேண்டும். எந்நேரமும் தெரிந்தால் அலுத்துவிடும்.

வெளிச்சத்தைப் பற்றி அவருக்கு இருக்கும் அறிவு என்னை வியக்க வைத்தது. இங்கே காலையில் கோயிலிலோ மண்டபத்திலோ தாலி கட்டினால், இரவில் டின்னர். இரண்டுக்கும் ஒரே கண் சரிவராது. ஐஷேடோவின் ஊதா, சிவப்பையும் நீலத்தையும் நம் கண்ணுக்கு அனுப்பி, நடுவில் உள்ள மஞ்சள் பச்சையை விழுங்கிக்கொள்ளும் பொடி. நீலம் குறைந்த மஞ்சள் விளக்கின்கீழ் அனுப்புவதற்கு நீலம் கிடைக்காது. ஊதா மங்கிப் பழுப்பாகிவிடும். மேடையில் ஊதா எல்இடி எரிந்தாலோ முகம் முழுக்க ஊதா ஏறி இமை எடுபடாமல் போகும். அதனால் டின்னருக்கு வெளி ஓரத்தை அடர்த்தியாக்கி, ஐலைனரைக் கொஞ்சம் நீட்டி, நடுவில் மினுக்கைக் கூட்டுவார். காலையில் பத்துமலைப் பக்கம் படம் எடுப்பவர்களுக்கு அதற்கு நேர்மாறு. 2018-இல் வண்ணம் தீட்டிய 272 கோயில் படிகளுக்கு முன்னால், திறந்த வெயிலில் நிற்கும் கண்ணுக்கு மினுக்கு வேண்டாம், மெல்லிய கத்தரிப்பூவே போதும். கறுத்த தோலில் கத்தரிப்பூவைத் தனியாக வைத்தால் சாம்பல் பூத்துவிடும் என்பதால் அடியில் ஒரு கீற்று நாவல்பழம் போட்டுக்கொள்வார். புழுக்கத்துக்கும் தாலி ஏறும்போது வரும் கண்ணீருக்கும் வாட்டர்புரூஃப் மஸ்காரா, கடைசியில் செட்டிங் ஸ்பிரே.

1981-இல் தொடங்கிய, பிரிக்பீல்ட்ஸில் இருக்கும் நுண்கலைக் கோயில் போன்ற இடங்களில் பரதம் ஆடும் பிள்ளைகளுக்கு எழுதும் கண் வேறு. கடைசி வரிசைக்கு அபிநயம் போய்ச் சேர வேண்டும் என்பதால் அது கறுப்பில் அகலமாக, அழுத்தமாக இருக்கும். அதன் கம்பீரம் எனக்குப் பிடிக்கும். கல்யாணப் பெண்ணின் ஊதா, கையைப் பிடித்து வாழ்த்துச் சொல்ல அருகில் வருபவர்களுக்கானது. தூரத்திலிருந்து பார்த்தால் கண் பெரிதாகத் தெரியும், கிட்ட வந்தால்தான் நிறம் தெரியும். அக்காவின் வேலை அந்தக் கிட்டப் பார்வைக்குத் தாங்குகிறது. அதனால்தான் அதைக் கலை என்கிறேன்.

மாநிறத்துக்கும் கறுப்புக்கும் அடர் நிறங்கள் எடுக்காது என்று சொல்லிச் சொல்லியே நம் பெண்களைப் பழுப்புக்குள் அடைத்து வைத்திருக்கிறோம். எடுக்காது என்பது உண்மையில்லை. வெளிறிய தோலில் ஊதா துருத்திக்கொண்டு நிற்கும். நம் தோலில் அது மெல்லக் கரைந்து உட்காரும். கல்யாணம் வைத்திருக்கும் தங்கைகளுக்கு ஒரு வார்த்தை: ஆசை இருந்தால் ஊதாவைக் கேளுங்கள். ஒத்திகை ஒப்பனையைப் பகல் வெளிச்சத்திலும் மண்டப விளக்கிலும் இரண்டு தடவை பாருங்கள். கண்ணுக்கு வாங்கும் டப்பாவில், சுகாதார அமைச்சின் கட்டுப்பாட்டு அமைப்பான என்.பி.ஆர்.ஏ.விடம் பதிந்ததைக் காட்டும், என்.ஓ.டி. எனத் தொடங்கும் எண் இருக்கிறதா என்று சரிபாருங்கள். ஓரத்தைக் கலைக்கப் பொறுமை இல்லாதவரிடம் மட்டும் இந்த நிறத்தைக் கொடுத்துவிடாதீர்கள்.