கையை அப்புறம் பார்க்கலாம், காலைப் பாருங்கள்

பா. ரஞ்சித் படம் வந்தாலே நம் ஆட்கள் துப்பறியக் கிளம்பிவிடுகிறார்கள். சுவரில் யார் படம் மாட்டியிருக்கிறது, மேசையில் என்ன புத்தகம், சட்டை நீலமா கறுப்பா என்று கணக்கெடுப்பு நடக்கிறது. ஆதரிப்பவர்களும் எதிர்ப்பவர்களும் இந்த ஒரு விஷயத்தில் மட்டும் ஒரே கட்சி. இரண்டு தரப்பும் ஆட்டத்தைத் தவறாகப் படிக்கின்றன என்பதே என் கட்சி. அவர் சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியில் படித்தவர். தெருக் கிரிக்கெட்டைப் பேசிய 'சென்னை 600028' (2007) படத்தில் உதவி இயக்குநர். ஓவியம் பழகிய கை முதலில் தேடுவது ஆள் நிற்கிற தரையை. ஆள் அப்புறம்தான் வருவான்.

'சார்பட்டா பரம்பரை'யில் (2021) ஆடிக்கொண்டே அடிக்கும் அந்த எதிராளியை எடுத்துக்கொள்வோம். பெயர் சொல்லத் தேவையில்லை. ஊரே அவனுடைய ஃபுட்வொர்க்கைக் கொண்டாடியது, சரிதான். ஆனால் அந்தக் கால்களை நாம் பார்க்க முடிந்தது எப்படி? நம் சினிமாச் சண்டைகளில் பெரும்பாலும் முஷ்டி தெரியும், முகம் தெரியும், தெறிக்கும் வியர்வை தெரியும்; கால் தெரியாது. இங்கே கேமரா பின்வாங்கி நிற்கிறது. தலை முதல் பாதம் வரை ஆள் முழுசாகத் தெரிகிறான். எடை எந்தக் காலில் இருக்கிறது, எப்போது மாறுகிறது என்று நாமே படித்துக்கொள்ளலாம். பின்வாங்குவது என்கிற அந்த முடிவுதான் ஆட்டத்தை வென்றது. மெரினா உழைப்பாளர் சிலையை வடித்த தேவி பிரசாத் ராய் சௌத்ரி இதே கல்லூரியின் முதல்வராக இருந்தவர். அந்தச் சிலையில் இருக்கும் நான்கு பேரின் கைகளைப் பார்க்கிறோம்; பாறையை நகர்த்துவதோ மண்ணில் ஊன்றிய கால்கள். ஏற்காட்டு மலையின் நாகலூர்ச் சரிவில் காப்பிப் பழம் பறிக்கிறவருக்கு இதை யாரும் சொல்லித்தர வேண்டாம்; கால் ஊன்றிய பிறகுதான் கை கிளையை வளைக்கும்.

இந்தக் கண்ணோடு முந்தைய படங்களுக்குப் போனால் எல்லாம் நேராகிறது. 'மெட்ராஸ்' (2014) ஒரு சுவரின் கதையோடு தொடங்குகிறது. சுவர் யாருடையது என்பதே பந்தயம், ஆட்கள் பிறகு வந்து சேர்கிறார்கள். 'காலா'வின் (2018) முடிவில் கறுப்பும் சிவப்பும் நீலமும் திரையை நிறைக்கும்போது நிறத்தை எண்ணியவர்கள், அது எந்த மண்ணின் மேல் விழுகிறது என்று கவனிக்கவில்லை. படம் முழுக்கப் பேசிய வழக்கே அந்த மண்தானே.

இதெல்லாம் கலை இயக்குநரின் வேலை என்று சிலர் சொல்வார்கள். ரிங்கைக் கட்டியவருக்குரிய மரியாதையில் குறை வைக்க வேண்டாம். ஆனால் ரிங்கிலிருந்து எத்தனை அடி தள்ளி நிற்பது என்பது இயக்குநரின் முடிவு. 'சார்பட்டா'வின் இரண்டாம் பாதி தள்ளாடுகிறது என்பது இன்னொரு குற்றச்சாட்டு. தள்ளாடுகிறதுதான். கூட்டத்தின் நடுவே துணி உருவப்பட்ட வீரனுக்கு நிற்க இடமில்லை. படமும் அவனோடு சேர்ந்து தரையை இழக்கிறது. கடற்கரை மணலில் அவன் மறுபடி கால் பதிக்கும்போது படமும் நிமிர்கிறது. 'தங்கலான்' (2024) விஷயத்தில் மட்டும் என்னால் முழுசாக வாதாட முடியாது. மண்ணே கதையாக இருந்தும், இரைச்சலில் அந்த மண் பல இடங்களில் மறைந்துபோனது.

இனி வரப்போவதைச் சொல்கிறேன், எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இன்னும் ஐந்து வருடத்தில் தமிழ் விளையாட்டுப் படங்கள் ஸ்லோமோஷன் முஷ்டியைக் கைவிட்டுப் பின்வாங்கி நிற்கப் பழகும். ரஞ்சித் மறுபடி ஒரு விளையாட்டுப் படம் எடுத்தால், அதில் ஆகச்சிறந்த காட்சி வெற்றியாக இருக்காது. தோற்ற ஆட்டமாகத்தான் இருக்கும். இன்னொரு கணிப்பும் உண்டு. சேலம்–ஏற்காடு சாலையில் இருந்த மாடர்ன் தியேட்டர்ஸ்தான் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) மூலம் தமிழுக்கு முதல் முழுநீள வண்ணப்படத்தைத் தந்தது. அந்த அடிவாரத்துக்கு மேலே, காப்பிக் களத்தை ரிங்காக வைத்து ஒரு படம் வரும். எடுப்பவர் ஓவியம் படித்தவராகவே இருப்பார். அதுவரை ஒரே ஒரு வேண்டுகோள்: ரஞ்சித்தின் அடுத்த படத்தில் முதல் பத்து நிமிடம் புத்தகத் தலைப்பைத் தேடாதீர்கள், ஆட்கள் எங்கே நிற்கிறார்கள் என்று பாருங்கள்.