அணங்கும் வழக்கும்: ‘மோனோநோகே’ அனிமேயும் நீலி கதையும்

அச்சம் என்னும் மெய்ப்பாடு அணங்கு, விலங்கு, கள்வர், இறை என்னும் நான்கு நிலைக்களன்களில் தோன்றும் என்பது தொல்காப்பியர் கருத்து. இவற்றுள் பின்னைய மூன்றும் கண்முன் நிற்பன. அணங்கு ஒன்றே புலனாகாது நின்று வருத்துவது. புலனாகாத ஒன்றைக் காட்சிக் கலை காட்டுவது எங்ஙனம் என்னும் வினாவிற்கு, மெல்ல நகரும் ஜப்பானியப் பேய்க்கதை அனிமேக்கள் விடை தருகின்றன.

2007இல் ஜப்பானியத் தொலைக்காட்சியில் 12 பகுதிகளாக ஒளிபரப்பான ‘மோனோநோகே’ இவ்வகையில் குறிப்பிடத்தக்கது. கென்ஜி நகாமுரா இயக்கிய இத்தொடரின் தலைவன் பெயரற்ற மருந்து வணிகன். பேயை அழிக்கும் வாள் அவனிடம் உண்டு. ஆயினும் பேயின் வடிவம், நிகழ்ந்த உண்மை, அதன் உள்ளக் காரணம் ஆகிய மூன்றும் வெளிப்பட்டாலன்றி அவ்வாளை உறையினின்று உருவ இயலாது. முதற் கதையில் கருவுற்ற பெண்ணொருத்தி ஒரு விடுதியில் அடைக்கலம் புகுகிறாள். அவ்விடுதி முன்பு பரத்தையர் இல்லமாக இருந்ததும், தொழிலுக்குத் தடையென அங்குக் கருக்கள் அழிக்கப்பட்டதும் சிறிது சிறிதாகத் தெரியவருகின்றன. தெரியத் தெரிய அச்சம் குறைந்து அழுகை மிகுகிறது. ஆகவே, இத்தொடரின் மெதுநடை வெறும் காலத்தாழ்வன்று. வழக்கு விசாரணைக்கு வேண்டிய கால அளவு எனலாம்.

தமிழில் இதற்கு இணையாக நிற்பது பழையனூர் நீலி கதை. முற்பிறப்பில் தன்னைக் கொன்றவனைத் தேடிவரும் பேய்மகள், கையில் குழந்தையோடு ஊரவைமுன் நின்று அவனைத் தன் கணவன் என்கிறாள். அவையத்து வேளாளர் எழுபதின்மரும் அவளை நம்பி அவனை அவளோடு அனுப்புகின்றனர். அவன் மாண்டபின் தம் சொல்லுக்காகத் தீப்பாய்கின்றனர். அவ்வவை நேர்மையில் குறைந்ததன்று. ஆயின் அது வடிவத்தை மட்டுமே கண்டு தீர்ப்பளித்தது. உண்மையையும் காரணத்தையும் கேட்கவில்லை. மருந்து வணிகன் காத்திருக்கும் இடத்தில் பழையனூர் அவை விரைந்துவிட்டது.

2011இல் வெளிவந்த ‘காஞ்சனா’ திரைப்படத்திலும் பேய்க்கு இழைக்கப்பட்ட கொடுமை சொல்லப்படுகிறது. ஆனால் அங்கு அது பழிவாங்கலை நியாயப்படுத்தும் முன்கதையாகவே அமைகிறது. அச்சத்தின் தன்மையை மாற்றுவதில்லை.

மெதுநடை யாவும் நீதி விசாரணையே எனக் கொள்ளவும் இயலாது. 2005–06இல் 26 பகுதிகளாக வெளிவந்த ‘முஷிஷி’யில் வரும் முஷிகளுக்குப் பகையும் இல்லை, பழியும் இல்லை. அவை மலையிலும் நீரிலும் உறையும் உயிர்நிலைகள். சங்கப் பாடல்கள் காட்டும் சூருறை மலையும் அணங்குடைத் துறையும் இவற்றோடு ஒப்புநோக்கத்தக்கன. எனவே அணங்கு, இடத்தில் உறைவது, அநீதியில் பிறப்பது என இருதிறப்படும்.

இவ்விரண்டாம் வகையே தென்தமிழகத்தின் இசக்கி வழிபாட்டிலும் வில்லுப்பாட்டிலும் வாழ்கிறது. தெய்வம் வந்திறங்க அதன் கதை பாடப்படுகிறது. கதை கேளாதார்க்கு அத்தெய்வம் வெறும் அச்சமே. மும்பைத் தாராவியில் வாழும் தமிழருள் பலர் திருநெல்வேலி வட்டாரத்தினின்று குடிபெயர்ந்தோரின் வழியினர். அங்கும் மாட்டுங்கா, செம்பூர்ப் பகுதிகளிலும் வளரும் இளையோர் வில்லிசையைக் கேளாமலே அனிமேயைக் காண நேரலாம். அவர்களுக்கு இக்கலை அயலது அன்று என எடுத்துக்காட்டுதல் தமிழாய்வின் கடமையாகும். அஞ்சத்தக்கதை அழிக்குமுன் அதன் வழக்கைக் கேட்டல் வேண்டும் என்பதே இரு மரபுகளும் தரும் பொதுக் கருத்து என்பது இவ்வொப்பீட்டால் பெறப்படும்.